பாதிப் புன்னகை

பதினோரு மணி நாற்பத்தைந்து நிமிடம். மார்ச் எட்டாம் தேதி ஞாயிற்றுக்கிழமை காலை சரியாக ஆறு மணிக்குச் சுவாமி அசிந்த்யானந்தர் மேடையில் தியானத்தில் அமர்ந்து கண்களை மூடினார். மாலை ஐந்தே முக்காலுக்குச் சமையற்கட்டிலிருந்து வந்த சமையற்காரி ரெஃபூகியோ கூடத்து வாசலில் நின்று அலறினாள். இடைப்பட்ட நேரத்தைக் கணக்கிட்டவர் ஆசிரமச் சீடர் டெபட்ஸ். முப்பது வருஷம் ரயில்வேயில் கால அட்டவணை போட்டவர். சட்டைப்பையில் சங்கிலி போட்ட கடிகாரம். அவர் கணக்கில் ஒரு நிமிடம்கூடப் பிசகாது.

பிசகு வேறு இடத்தில் இருந்தது.

அந்த நாள் போய்ப் பதினாலு வாரம் ஆகிவிட்டது. ஆரஞ்சுத் தோப்பில் பூவெல்லாம் உதிர்ந்து பிஞ்சு பிடித்திருந்தது. ஆசிரமத்தின் மாத இதழ் ஜூன் மாதத்துக்குச் சிறப்பிதழாக வரப்போகிறது. அட்டையில் போட, அன்று நண்பகலில் டெபட்ஸ் எடுத்த புகைப்படம். சுவாமி சாய்மேடையில் அமர்ந்திருக்கிறார். முதுகுவலி வந்த பிறகு அவருக்காக முதுகுச் சாய்வும் இருபுறமும் கைப்பிடியும் வைத்துச் செய்த மேடை அது. தலை ஒருபுறமாகச் சாய்ந்திருக்கிறது. உதடு இடப்பக்கம் மட்டும் மேலேறியிருக்கிறது. படத்துக்குக் கீழே இரண்டே சொற்கள்: பாதிப் புன்னகை.

அன்று கூடத்தில் இருந்த அறுபத்து மூன்று பேரும் அந்தப் புன்னகையைப் பார்த்தார்கள். சிலர் அழுதார்கள். மதியத்துக்குள் தொலைபேசியில் செய்தி பரவி லாஸ் ஏஞ்சல்ஸிலிருந்து கார்கள் வந்தன. யாரோ மேடையடியில் ரோஜாக்களை வைத்தார்கள். மூன்று மணிக்கு மேற்குச் சன்னல் வழியாக வெயில் நேராக அவர் முகத்தில் விழுந்தது. திரையை இழுத்துவிட ஒருவரும் எழவில்லை. சமாதி நிலையில் இருப்பவரைத் தொடக் கூடாது, அழைக்கக் கூடாது, சத்தம் போடக் கூடாது. அவராகத் திரும்பி வர வேண்டும். மிக அவசியமென்றால் ஆசிரமத்தை நிர்வகிக்கும் திருமதி பிரூவிட் மட்டும் ஒரு சின்ன வெண்கல மணியை மூன்று தடவை மெதுவாக ஆட்டலாம். அன்று அதற்கு அவசியம் இருப்பதாக யாருக்கும் தோன்றவில்லை.

முன்வரிசையில், மேடைக்கு மிக அருகில் உட்கார்ந்திருந்தவள் தோரா. ஆஸ்பத்திரியில் பதினாறு வருஷம் நர்ஸாக இருந்தவள்.

"மூணாவது பத்தியில 'நாடி'ன்னு போட்டிருக்கேன், தோரா," என்றார் டெபட்ஸ், தட்டச்சு செய்த தாளை நீட்டி. "மருத்துவ வார்த்தை ஏதாச்சும் சேர்க்கணுமா பாருங்க. ஒரு நர்ஸ் எழுதின மாதிரி இருக்கணும்."

"நான் எழுதலையே."

"நீங்க சொன்னதைத்தானே நான் எழுதினேன்?"

"நான் ஒண்ணும் சொல்லலை."

"அதான் சொல்றேன். நீங்க எதையும் மறுக்கலை."

தோரா தாளை வாங்கிப் படித்தாள். பயிற்சி பெற்ற நர்ஸாகிய நான் இதன்மூலம் உறுதி கூறுவது. மாலை ஐந்தே முக்கால் வரை சுவாமியின் நாடியும் உடலும் எவ்விதக் குறையுமின்றி இருந்தன. முகத்தில் பேரானந்தம் தெரிந்தது. சமையற்காரியின் திடீர் அலறலால் அவர் அதலபாதாளத்தில் விழுவதுபோல் உடலுக்குள் இழுக்கப்பட்டார். அந்த அதிர்ச்சியே வலப்பக்கத்தைச் செயலிழக்கச் செய்தது.

கீழே கையெழுத்துக்கு ஒரு கோடு.

"ஞாயித்துக்கிழமை எல்லார் முன்னாடியும் படிக்கப்போறோம்," என்றாள் திருமதி பிரூவிட். இந்த மலையடிவாரமும் தோப்பும் அவள் கொடுத்தவை. நல்ல மனசுக்காரி. எதைச் சொன்னாலும் எதிரில் இருப்பவர் கையைப் பிடித்துக்கொண்டுதான் சொல்வாள். "வருஷா வருஷம் மார்ச் எட்டாம் தேதி நாம எல்லாரும் அதே நேரம் உட்காரணும். தேதியைப் பொறிச்சு வைக்கப் பளிங்குக் கல்லுக்குச் சொல்லியாச்சு. உன்னை நாங்க எவ்வளவு கேலி பண்ணியிருக்கோம், கண்ணு! இப்போ ஊர் வாயை நீதான் அடைக்கப்போற."

"சைரன் சிஸ்டர் சாட்சி சொன்னா யார் எதிர்த்துப் பேசுவாங்க?" என்று டெபட்ஸ் சிரித்தார்.

தோராவும் சிரித்தாள். அந்தப் பெயரைக் கேட்டால் சிரித்துவிடுவது அவள் பழக்கப்படுத்திக்கொண்ட ஒன்று.

பெயர் வந்த கதை இது. இரண்டு வருஷத்துக்கு முன்னால், நகரத்துக் கூடம் ஒன்றில், சுவாமி சொற்பொழிவு முடிந்து அப்படியே அமர்ந்துவிட்டார். இரண்டு மணி நேரம் அசைவில்லை. தோரா மேடையேறி மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தாள். துடிப்புக் கிடைக்கவில்லை. கீழே ஓடி ஆம்புலன்ஸைக் கூப்பிட்டாள். வந்தவர்கள் அவரைத் தூக்குப்படுக்கையில் போட்டுப் படிக்கட்டில் பாதி தூரம் இறக்கியதும் சுவாமி கண்ணைத் திறந்து, "எந்த ஊருக்குப் போறோம்? டிக்கெட் எடுத்தாச்சா?" என்று கேட்டார்.

நானூறு பேர் சிரித்தார்கள். மறுநாள் பத்திரிகையில் கேலிச்சித்திரம் வந்தது. தொப்பி வைத்த நர்ஸ் ஒருத்தி சாமியாரைக் காலைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடுகிறாள். சிறுவயதிலிருந்தே நாலு பேர் திரும்பிப் பார்த்தால் கழுத்துவரை சிவந்துபோகிறவள் தோரா. மினசோட்டாவில் பள்ளிக்கூடத்தில் விடை தெரிந்தும் கை தூக்க மாட்டாள். அந்தச் சித்திரத்தை யாரோ கத்தரித்துச் சாப்பாட்டு அறைக் கதவில் ஒட்டினார்கள். ஒரு மாதம் அது அங்கேயே இருந்தது.

சுவாமியும் எல்லாரோடும் சேர்ந்து சிரித்தார். ஆனால் பிறகொரு நாள், காரில் வேறு யாரும் இல்லாதபோது, "நீ பண்ணினது சரிதான், நர்ஸம்மா," என்றார். "அடுத்த தடவையும் கூப்பிடு. நான் கோவிச்சுக்குவேன். கோவிச்சுக்கிட்டாப் போகுது, நீ கூப்பிடு."

அவர் அப்படிப்பட்ட மனிதர். வங்காளத்தில் கிருஷ்ணநகரில் தபால் அதிகாரியின் மகனாகப் பிறந்தவர். பதினாறு வருஷத்துக்கு முன் ஒரு டிரங்குப் பெட்டியோடு பாஸ்டனில் கப்பலிறங்கினார். முதல் சொற்பொழிவுக்கு ஏழு பேர் வந்தார்கள். அதில் நாலு பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள் என்று அவரே சொல்வார். "ஆனா மழை விட்ட பிறகும் ரெண்டு பேர் உட்கார்ந்திருந்தாங்க. அந்த ரெண்டு பேருக்காகத்தான் ஊருக்குத் திரும்பிப் போகலை." கயிற்றின் மேல் ஏறிக் காட்டு, மண்ணுக்குள் புதைந்து காட்டு என்று கேட்டவர்களை, "பக்கத்துத் தெருவுல சர்க்கஸ் வந்திருக்கு, சீக்கிரம் போனா முன்வரிசை கிடைக்கும்," என்று அனுப்பிவிடுவார். குத்துச்சண்டைக்காரர்களுக்கும் பியானோ டீச்சர்களுக்கும் மூச்சைக் கவனிக்கக் கற்றுக்கொடுத்தார். மூச்சைப் பார், அது போவதையும் வருவதையும் பொய்யில்லாமல் பார், அவ்வளவுதான் யோகம் என்பார்.

தோரா அவரை முதலில் பார்த்தது பாஸடீனா ஆஸ்பத்திரியில். சாகக் கிடந்த சீடர் ஒருவரின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பார்வையாளர் நேரம் முடிந்துவிட்டது என்று அவள் சொன்னதும் உடனே எழுந்து, "மன்னிக்கணும், நர்ஸம்மா," என்று வராந்தாவுக்குப் போய் நின்றுகொண்டார். தலைப்பாகையோடு ஒரு பெரிய மனிதர், ஒரு நர்ஸ் சொல்லுக்கு அப்படிக் கட்டுப்பட்டதை அவள் அதுவரை பார்த்ததில்லை. அடுத்த ஞாயிறு அவர் கூடத்துக்குப் போனாள். ஏழு வருஷம் ஓடிவிட்டது.

இப்போது அவர் கிழக்குப் பக்கத்துக் கண்ணாடி அறையில் இருந்தார். காலையில் அவரைத் துடைத்து, உடை மாற்றி, ஓட்ஸ் கஞ்சியைக் கரண்டியால் இடப்பக்கக் கடைவாயில் கொடுப்பது தோராவின் வேலை. வலப்பக்கம் கொடுத்தால் வழிந்துவிடும். பிறகு கைக்கண்ணாடியை அவர் முன்னால் பிடித்து, "ஆ" சொல்லுங்க, "மா" சொல்லுங்க என்று பழக்குவாள். பதினாலு வாரமாக அவரிடமிருந்து வந்ததெல்லாம் ஒரு முனகல். கண்கள் மட்டும் பழைய கண்கள். கஞ்சி கொடுக்கும்போது அவை அவள் முகத்திலேயே இருக்கும். அவள் கரண்டியைப் பார்ப்பாள்.

டாக்டர் வந்த முதல் நாளிலேயே கேட்டார். "பக்கவாதம். இது எப்போ ஆரம்பிச்சது?"

"தெரியலை," என்றாள் தோரா.

"நீங்க நர்ஸ்தானே?"

"ஆமா."

டாக்டர் அவளை ஒரு கணம் கூடுதலாகப் பார்த்துவிட்டு எழுதிக்கொண்டார். அவர் கிளம்பும்போது அவள் வராந்தாவில் பின்னாலேயே போய், முன்னாடியே கூப்பிட்டிருந்தால் ஏதாவது மாறியிருக்குமா என்று கேட்டாள்.

"சொல்ல முடியாதும்மா. மூளைக்குள்ள நடக்கறது எங்களுக்கே பாதிதான் புரியுது." கையுறையை மாட்டிக்கொண்டே மேலும் சொன்னார். "ஆனா அம்பத்திரண்டு வயசு மனுஷனுக்கு ஒரு பகல் பூரா ஒரு வாய் தண்ணிகூடக் குடுக்காம வெயில்ல உட்கார வச்சிருக்கீங்க. அது நல்லதுன்னு எந்தப் புஸ்தகத்துலயும் இல்லை."

தோரா முதல் வாக்கியத்தை மட்டும் வைத்துக்கொண்டாள். சொல்ல முடியாது. டாக்டரே சொல்ல முடியாது என்கிறார். பாத்திரம் கழுவும்போதும் துணி காயப்போடும்போதும் அதைச் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். கொஞ்ச நேரம் அது தாங்கும். பிறகு இரண்டாவது வாக்கியம் வந்துவிடும்.

சனிக்கிழமை காலை ரெஃபூகியோ வந்தாள். ஆறு வருஷம் அந்தச் சமையற்கட்டை ஆண்டவள். சுவாமி அவளுக்குப் பருப்புக் கடையக் கற்றுக்கொடுத்தார். அவள் அதில் தன் ஊர் மிளகாயைப் போட்டு அவரைக் கண்ணீர்விட வைத்தாள். மார்ச் ஒன்பதாம் தேதி காலையில் அவளை வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். யாரும் திட்டவில்லை. திருமதி பிரூவிட் அவள் கையைப் பிடித்துக்கொண்டுதான் சொன்னாள். இப்போது தன் அம்மிக்கல்லை எடுத்துப்போக அவள் பின்வாசலில் நின்றாள்.

"என்ன தோராம்மா, எலும்பும் தோலுமா ஆயிட்டீங்க? புதுசா வந்தவ புல்லு வேகவச்சுப் போடறாளா?"

"சூப் வைக்கறா."

"சூப்பாம். சாமி அதையா குடிக்கறார்? பாவம், பேச முடியாததால தப்பிச்சா அவ." சிரித்தாள். உடனே சிரிப்பு நின்றுவிட்டது. பாவாடையில் கையைத் துடைத்துக்கொண்டே அருகில் வந்தாள். "தோராம்மா, ஒண்ணு கேக்கறேன். நீங்க படிச்சவங்க. நான் கத்தினதாலதான் அவருக்கு இப்படி ஆச்சா?"

தோரா அம்மிக்கல்லைப் பார்த்தாள்.

"பாதிரியார்கிட்டயும் போய்ச் சொன்னேன். அவர் என்னத்தைக் கண்டார், அதெல்லாம் மூடநம்பிக்கை, வீட்டுக்குப் போன்னுட்டார். எனக்கு மனசு ஆறலை. ராத்திரிச் சாப்பாட்டுக்குக் காய் என்ன வெட்டணும்னு கேக்கத்தான் வந்தேன். பார்த்தா வாய் கோணிக்கெடக்கு, மேல்துணி பூரா நனைஞ்சிருக்கு. எங்க மாமனாருக்கு இப்படித்தான் வந்தது. கத்திட்டேன். அத்தனை பேரும் கையைக் கட்டிக்கிட்டு உட்கார்ந்திருக்காங்க! இத்தனை படிச்சவங்க சும்மா இருக்கறப்போ அது வேற என்னமோன்னு நான் யோசிச்சிருக்கணும், இல்ல?"

"உன்னால இல்லை, ரெஃபூகியோ."

"பின்னே எதனால?"

"டாக்டருக்கே தெரியலை."

"அப்போ என்னாலயும் இருக்கலாம்," என்றாள் ரெஃபூகியோ.

இல்லை என்று சொல்ல ஒரு மூச்சு போதும். தோரா குனிந்து அம்மிக்கல்லில் படிந்திருந்த தூசியைத் தட்டினாள். ரெஃபூகியோ சுவாமியை வாசலில் நின்றாவது ஒரு தடவை பார்க்கலாமா என்று கேட்டாள். உள்ளே திருமதி பிரூவிட்டின் குரல் கேட்டது. "இன்னைக்கு வேண்டாமே," என்றாள் தோரா. அம்மிக்கல்லைத் தூக்க ஒரு கை கொடுத்தாள். கனமாக இருந்தது. ரெஃபூகியோ அதை இடுப்பில் சாய்த்துக்கொண்டு தோப்பு வழியாக நடந்து போனாள். இரண்டு இடத்தில் நின்று கை மாற்றிக்கொண்டாள். தோரா கதவுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகு அந்தத் தாளை எடுத்துக்கொண்டு கண்ணாடி அறைக்குப் போனாள். சுவாமிக்கு அதை வாசித்துக் காட்டினாள், ஒரு வரி விடாமல். அவர் முகம் சுளித்தால் போதும், இடது கையால் தாளைத் தட்டிவிட்டால் போதும். சுவாமிக்கு விருப்பமில்லை என்று சொல்லிவிடலாம். தான் எதையும் சொல்ல வேண்டியிருக்காது.

"கையெழுத்துப் போடட்டுமா?" என்று கேட்டாள்.

சுவாமி அவளைப் பார்த்தார். இடப்பக்க உதடு அசைந்தது. தொண்டையில் ஏதோ திரண்டு ஏறியது. பதினாலு வாரத்தில் முதல் தடவையாக ஒரு சொல் உருவாகிக்கொண்டிருந்தது. அந்த நேரத்தில் ஒரு நர்ஸுக்கு வந்திருக்க வேண்டியது சந்தோஷம். பேசிவிடப்போகிறார் என்று தோரா பயந்தாள். பேச்சு வர வேண்டாம் என்று, ஒரே ஒரு கணம், மனசார வேண்டிக்கொண்டாள்.

"தண்... ணி," என்றார் சுவாமி.

அவள் எழுந்து ஓடினாள். கோப்பையை நிரப்பும்போது தண்ணீர் வழிந்து தரையெல்லாம் நனைந்தது. தண்ணிதானா, வெறும் தண்ணிதானா என்று நெஞ்சு லேசானது. அந்த லேசுதான் அவளைக் குன்ற வைத்தது. இவ்வளவு காலம் அவருக்குப் பேச்சு வரப் பழக்கியதாக நினைத்தாளே, கண்ணாடியை எத்தனை நாள் சீக்கிரமாகக் கீழே வைத்தாள் என்று இப்போது எண்ணிப் பார்த்தாள். பல நாள்.

அவர் குடித்து முடித்ததும் வாயைத் துடைத்துவிட்டாள். சுவாமி பேசினார் என்ற செய்தியை அன்று அவள் யாருக்கும் சொல்லவில்லை. தாளில் கையெழுத்தும் போடவில்லை. டெபட்ஸ் கேட்டபோது நாளைக்குப் போடுகிறேன் என்றாள்.

ஞாயிறன்று கூடம் நிரம்பி வராந்தாவிலும் ஆட்கள் நின்றார்கள். காவி உடுத்தி, வலது கையைச் சால்வைக்குள் மறைத்து, சுவாமியைச் சக்கர நாற்காலியில் மேடைக்குக் கொண்டுவந்தார்கள். திருமதி பிரூவிட் நாற்காலியைக் கொஞ்சம் திருப்பினாள். தள்ளி நின்று பார்த்தாள். மறுபடி கொஞ்சம் திருப்பினாள். இப்போது சபைக்குத் தெரிந்தது அவர் முகத்தின் இடப்பக்கம் மட்டும். வலப்பக்கம் சுவரைப் பார்த்தது. சுவரோரமாகக் கைத்துண்டோடு தோரா நின்றாள். எச்சில் வழிந்தால் யாரும் பார்க்காமல் துடைக்க வேண்டும். அந்தப் பாதி அவளுக்கு மட்டும் தெரிந்தது.

டெபட்ஸ் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். நல்ல கணீர்க் குரல். ரயில் நிலையத்தில் வண்டி பெயர் கூப்பிடுவதுபோல ஒவ்வொரு சொல்லும் கடைசி வரிசைக்குப் போனது. பயிற்சி பெற்ற நர்ஸாகிய நான். பேரானந்தம். சபையில் பெருமூச்சு எழுந்தது. சமையற்காரியின் திடீர் அலறலால் என்ற இடத்தில் முன்வரிசைப் பெண் ஒருத்தி உச்சுக்கொட்டித் தலையாட்டினாள். "எப்படித்தான் மனசு வந்ததோ," என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள். அது தோராவுக்குத் தெளிவாகக் கேட்டது.

சுவாமியின் வலது கடைவாயில் எச்சில் இறங்கியது. தோரா குனிந்து துடைத்தாள். குனிந்தபடியே இருந்தபோது அவர் இடது கை மடியைத் தாண்டி வந்து அவள் மணிக்கட்டைத் தேடிப் பிடித்தது. இறுக்கமாக இல்லை. நாடி பார்ப்பவர்போல இரண்டு விரல் வைத்துச் சும்மா பிடித்திருந்தார். அவள் நிமிர்ந்து, பதினாலு வாரத்துக்குப் பிறகு, அவர் கண்களைப் பார்த்தாள். அதில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் அவள் வாய் திறந்திருக்க மாட்டாள்.

"தோரா, வாசிச்சதெல்லாம் சரிதானே?" டெபட்ஸ் புன்னகையோடு பேனாவை நீட்டினார். "எல்லார் முன்னாடியும் ஒரு வார்த்தை சொல்லிட்டுக் கையெழுத்துப் போடுங்க."

"சரியில்லை."

குரல் சின்னதாகத்தான் வந்தது. பின்னால் யாரோ, "கேக்கலை! சத்தமாச் சொல்லுங்க, சைரன் சிஸ்டர்!" என்றார்கள். சபை சிரித்தது. பிரியமான சிரிப்புத்தான். அவள் கழுத்துவரை சிவந்தாள்.

"எந்தப் பத்தி?" என்று டெபட்ஸ் தாளைப் புரட்டினார்.

"எல்லாம்," என்றாள் தோரா. "ரெஃபூகியோ கத்தினப்போ வந்ததில்லை. அவ வந்தப்போ அவர் ஒன்பது மணி நேரமா நோயில இருந்தார். காலைல எட்டு இருபதுக்கே வாய் கோணிருச்சு. நீங்க எல்லாரும் கண்ணை மூடியிருந்தீங்க. அவர் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார். இந்தக் கையை என் பக்கம் நீட்டினார்."

"கண்ணு, வேண்டாம்," என்றாள் திருமதி பிரூவிட்.

"என்ன நோய்னு எனக்கு அப்பவே தெரியும். கூப்பிடறார்னும் தெரியும். எழுந்தா நீங்க சிரிப்பீங்கன்னு நினைச்சேன். நான் கண்ணை மூடிக்கிட்டேன்."